பெரியவர் பேசியது

அந்த அடுக்குமாடியில் அவளை எல்லோரும் படக்காரம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். குடிவந்த புதிதில் சினிமாக்காரி என்று நினைத்து வாசல் வரைக்கும் வந்து சிரித்தவர்கள், அவள் எடுப்பது நடிகரும் பாட்டும் இல்லாத ஆவணப்படம் என்று தெரிந்ததும் கொடுத்த மரியாதையில் பாதியைத் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். அவள் அதையெல்லாம் மனதில் வைத்துக்கொள்ளவில்லை. மேல்மாடியில் ஒரே அறை. அதில் பாதியை எடிட்டிங் மேஜை விழுங்கிவிட்டது. மிச்சத்தில் ஒரு கட்டில், ஒரு அடுப்பு, அவள்.

ஒருநாள் காலை லிஃப்ட் இரண்டு மாடிகளுக்கு நடுவில் நின்றுவிட்டது. உள்ளே அவள் மட்டும். "பயப்படாதீங்கம்மா, ஆளுங்க வந்துட்டாங்க!" என்று காவலாளி கீழேயிருந்து கத்தினார். கொஞ்ச நேரத்தில் தலைக்கு மேலே, பெட்டியின் கூரையில், யாரோ இறங்கினார்கள். பிறகு இரும்பில் இரும்பு மோதும் சத்தம். டக், டக். எங்கோ உயரத்திலிருந்து பதில் வந்தது. டக். பெட்டி ஒரு விரற்கடை ஏறி நின்றது. மறுபடி டக், டக். மறுபடி பதில். மனிதக் குரல் மட்டும் இல்லவே இல்லை. இருட்டில் நின்றுகொண்டு அதைக் கேட்கக் கேட்க அவளுக்குப் பயம் போய்ச் சுவாரசியம் வந்துவிட்டது.

கதவு திறந்ததும் கூரையிலிருந்து கிரீஸ் கையோடு ஒருவர் இறங்கினார். மொட்டைமாடிப் படியிலிருந்து நரைத்த தலையோடு இன்னொருவர் வந்தார். இருவருக்கும் ஒரே மூக்கு, ஒரே நடை. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல், ஒருவர் முன்னாலும் ஒருவர் பின்னாலுமாகப் போய் ஒரே வேனில் ஏறினார்கள்.

"அண்ணன் தம்பி," என்றார் காவலாளி. "எங்க லிஃப்டெல்லாம் அவங்கதான் பாக்குறாங்க. பேச்சுவார்த்தை நின்னு பல வருஷம் ஆச்சு."

"பேசாம எப்படி வேலை செய்யறாங்க? ஒருத்தர் மோட்டாரை ஓட்டணும், ஒருத்தர் பெட்டி மேல நிக்கணும். கொஞ்சம் பிசகினா உயிர் போயிடுமே?"

"அதான் கேட்டீங்களே. தட்டுவாங்க. ரெண்டு தட்டினா மேல, மூணு தட்டினா கீழ, ஒண்ணு தட்டினா நிறுத்து. மேல மோட்டார்கிட்ட இருக்கிறவர் பதிலுக்கு ஒண்ணு தட்டினா, கேட்டுச்சுன்னு அர்த்தம்."

முந்தைய படம் முடிந்து, அடுத்தது என்னவென்று தெரியாமல் அவள் சும்மா கிடந்த நேரம் அது. மறுநாள் காலையிலேயே அவர்களுடைய பட்டறையைத் தேடிக்கொண்டு போய்விட்டாள்.

தகரக் கூரை போட்ட நீளமான இடம். ஒரு மூலையில் அண்ணன், எதிர் மூலையில் தம்பி. தொழில் வட்டாரத்தில் அவர்களுக்குப் பெரியவர், சின்னவர் என்றே பெயர். அவள் வந்த காரியத்தைச் சொன்னாள்.

"எங்களைப் படம் எடுத்து என்னம்மா செய்யப் போறீங்க?" என்றார் பெரியவர். "ஊர்ல வேற ஆளே கிடைக்கலையா?"

சின்னவர் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "எடுக்கிறவங்க எடுத்துக்கட்டும். ஆனா ரெண்டு பேரையும் பக்கத்துல உக்கார வச்சு வாயைப் பிடுங்கப் பாத்தா நான் எழுந்து போயிடுவேன்."

"கேட்டுக்கிட்டீங்கல்ல? எனக்கும் அதேதான்," என்றார் பெரியவர்.

அத்தனை வருஷத்தில் இருவரும் ஒத்துப்போன ஒரே விஷயம் அதுதான் என்று பெரியவரின் மனைவி பிற்பாடு சொல்லிச் சிரித்தார். படக்காரம்மா அவரை அக்கா என்று கூப்பிடப் பழகிக்கொண்டாள்.

அந்த அக்காதான் நடுவில் நின்ற பாலம். சின்னவர் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. இரண்டு தெரு தள்ளித் தனியாக இருந்தார். ஆனால் மதியச் சாப்பாடு அண்ணியின் சமையலறையிலிருந்துதான். பெரியவர் இரண்டு டப்பாக்களை எடுத்து வந்து ஒன்றை வேனின் பின்சீட்டில் வைப்பார். சின்னவர் அதை எடுத்துக்கொள்வார். உப்பு குறைந்தால், "அண்ணிகிட்ட சொல்லணும்" என்று டப்பா மூடியிடம் சொல்வார். பெரியவர் வீட்டுக்குப் போய், "இன்னைக்கு உப்பு கம்மியாம்" என்பார். யார் சொன்னது என்று அக்காவும் கேட்கமாட்டார்.

வேனில் பெரியவர் ஓட்டுவார். சின்னவர் பின்னால் கருவிப் பெட்டிகளோடு உட்காருவார். முன்சீட் அதுவரை காலியாகவே இருந்தது. அது படக்காரம்மாவுக்கு வாய்த்தது.

முதல் சில வாரங்கள் அவளோடு ஓர் ஒலிப்பதிவாளரும் வந்தார். படம் இழுத்துக்கொண்டே போகவும் வேறு வேலை பார்த்துக்கொண்டு போய்விட்டார். அதன்பின் கேமராவும் அவள்தான், மைக்கும் அவள்தான். மொட்டைமாடி மோட்டார் அறைகளில், எண்ணெய் வாடையில், சக்கரம் சுற்றும் இரைச்சலில், மூலையோடு மூலையாக ஒண்டிக்கொண்டு நின்றாள். தனக்கென்று ஒரு விதி வைத்திருந்தாள். எடுப்பது மட்டும்தான் தன் வேலை. ஒருவர் சொன்னதை இன்னொருவர் காதுக்குக் கொண்டு போகக் கூடாது. எந்தப் படத்திலும் அவள் அதை மீறியதில்லை. அதில் அவளுக்குக் கொஞ்சம் கர்வம்கூட உண்டு.

சண்டைக்கான காரணத்தைச் சின்னவர்தான் முதலில் சொன்னார். முன்பு ஓர் அலுவலகக் கட்டடத்தில் லிஃப்ட் பிரேக் பிடிக்காமல் சறுக்கிவிட்டது. உள்ளே இருந்த ஒரு பெண்ணுக்குக் கால் முறிந்தது. விசாரணை நடந்தது. அந்தச் சமயத்தில் ஒரு பெரிய கம்பெனி சின்னவரைத் தலைமை மெக்கானிக்காக எடுத்துக்கொள்ள இருந்தது. அந்தக் கம்பெனி ஆட்களும் விசாரணையில் உட்கார்ந்திருந்தார்கள்.

"அத்தனை பேருக்கு முன்னாடி அந்தாளு எழுந்து சொல்றான்: 'அவனுக்கு ஒண்ணும் தெரியாதுங்க, ஸ்பானர் எடுத்துக் குடுக்கிற ஆளு, வேலையெல்லாம் நான்தான்'னு. நான் வாசல்ல நின்னு கேட்டுட்டு இருக்கேன். கூடப்பிறந்தவன் வாயால அதைக் கேக்கணும்னு எனக்குத் தலையெழுத்து. அப்புறம் எந்தக் கம்பெனி கூப்பிடும்?"

"பிறகும் ஏன் அவரோடவே வேலை செய்யறீங்க?"

அவர் ரொம்ப நேரம் கையைத் துடைத்துக்கொண்டிருந்தார். "வேற யாரையும் மேல நிறுத்திட்டு நான் பெட்டி மேல ஏற மாட்டேன்," என்றார்.

மழைக்காலம் தொடங்கும் முன், ஒரு மருத்துவமனைக் கட்டடத்தின் மோட்டார் அறையில், அவள் பெரியவரிடம் சண்டைக்கான காரணத்தைக் கேட்டாள். சின்னவர் கீழே லிஃப்ட் குழியில் இறங்கி வேலை செய்துகொண்டிருந்தார். பெரியவர் முதலில் பேச்சை மாற்றினார். பிறகு எட்டிப் பார்த்துவிட்டுக் கதவைச் சாத்தினார்.

"அந்த பிரேக்கைப் பூட்டினது அவன்தான்மா. நட்டைச் சரியா முறுக்கலை. விழுந்த உடனே நான்தான் மேல ஏறிப் பாத்தேன். லூசா ஆடிட்டு இருந்துச்சு. யாரும் வர்றதுக்கு முன்னாடி நானே முறுக்கி விட்டேன். தப்புதான். ஆனா அவனை விசாரணையில மாட்டி விடச் சொல்றீங்களா? அவன் ஒண்ணும் தெரியாத ஆளுன்னு சொன்னாத்தான் அவன்கிட்ட கேள்வி போகாது. என்னோட லைசென்ஸைக் கொஞ்ச காலம் பிடுங்கி வச்சிட்டுக் குடுத்தாங்க. அதோட போச்சு."

"இதை அவர்கிட்ட சொல்லியிருக்கலாமே?"

"சொன்னா? ஒரு பொண்ணோட காலை ஒடிச்சது தன் கைதான்னு தெரிஞ்சா, அப்புறம் அவன் ஸ்பானரைப் பிடிப்பானா? கை நடுங்கும்மா. நடுங்குற கையோட பெட்டி மேல நிக்க முடியாது. எம்மேல கோபமாவே இருக்கட்டும். கோபத்துல கை நடுங்காது." மறுபடி கதவைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "நான் சாகுற வரைக்கும் இதை அவன்கிட்ட சொல்லிடாதீங்க."

சரி என்று சொன்னாள். விதியும் அதையேதான் சொன்னது. அன்று மாலை அறைக்கு வந்து அந்தப் பதிவைக் கணினியில் ஏற்றினாள். மறுபடி மறுபடி போட்டுப் பார்த்தாள். தன் படத்துக்கு உயிர் கிடைத்துவிட்டது என்று அவளுக்குத் தெரிந்தது. அந்தச் சந்தோஷத்தை யாரிடம் சொல்வது என்றுதான் தெரியவில்லை. தூர தேசத்தில் இருந்த அவளுடைய கூடப்பிறந்த அக்கா எப்போதாவது தொலைபேசியில் கூப்பிடுவாள். "இன்னும் அந்த லிஃப்ட் படம்தானா? மேல ஏறவே மாட்டேங்குதே" என்று கிண்டல் செய்வாள். அவளிடம் சொல்ல முடியாது.

மழைக்காலம் முழுக்க அவள் எடிட்டிங் மேஜையில்தான் கிடந்தாள். வெளியே போகவும் வேலையில்லை, வரவும் ஆளில்லை. தட்டை மடியில் வைத்துக்கொண்டு திரையைப் பார்த்துச் சாப்பிடுவாள். ஒவ்வொரு பேட்டிக்கும் முன்னால் பெரியவர், "சாப்பிட்டீங்களாம்மா?" என்று கேட்பது வழக்கம். அதெல்லாம் பதிவில் இருந்தது. திரையில் அவர் கேட்கும்போது இவள் இங்கே வாயில் சோற்றோடு, "ம், ஆச்சு" என்பாள். முதல் தடவை தன் குரலைக் கேட்டுத் திடுக்கிட்டாள். பிறகு அது பழக்கமாகிவிட்டது. பெரியவர் எந்த வார்த்தைக்கு முன்னால் இருமுவார், சின்னவர் எங்கே பல்லைக் கடிப்பார் என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். அவர்களோ அவள் ஒருத்தி இருப்பதையே மறந்து தங்கள் பாட்டுக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள்.

அடுத்த மழை பிடிக்கும் நேரத்தில் பெரியவர் வீட்டு அக்காவிடமிருந்து போன் வந்தது. பெரியவர் காலையில் பல் தேய்க்கும்போது அப்படியே சாய்ந்துவிட்டார். உயிர் தப்பிவிட்டது. வலது கை விழுந்துவிட்டது. பேச்சும் போய்விட்டது.

மருத்துவமனைக்கு ஓடினாள். கேமராவை எடுத்துப் போவதா வேண்டாமா என்று வாசலில் நின்று யோசித்து, எடுத்துக்கொண்டுதான் போனாள். ஆனால் பையைத் திறக்கவில்லை. பெரியவர் கட்டிலில் கண்ணைத் திறந்துகொண்டு கிடந்தார். வாய் ஒரு பக்கமாக இழுத்திருந்தது. சின்னவர் வராந்தாவின் கோடியில் நின்றுகொண்டிருந்தார். உள்ளே வரவும் இல்லை, வீட்டுக்குப் போகவும் இல்லை.

சில வாரங்கள் கழித்து ஒரு மத்தியானம் அவள் அறைக் கதவை யாரோ தட்டினார்கள். சின்னவர். லிஃப்ட் நன்றாக ஓடிக்கொண்டிருந்தும் அத்தனை மாடியும் படியேறி வந்திருந்தார். மூச்சு வாங்கியது.

"உக்காருங்க," என்றாள்.

அவர் உட்காரவில்லை. மேஜையையும் அதில் இருந்த ஹார்ட் டிஸ்க் பெட்டிகளையும் பார்த்தார். "அண்ணன் பேசினதெல்லாம் உங்ககிட்ட இருக்கும்ல?"

அந்தாளு என்றும் அவன் என்றும்தான் அதுவரை அவர் வாயில் வந்திருக்கிறது. அண்ணன் என்று அவர் சொல்லி அவள் கேட்டது அதுதான் முதல் தடவை.

"இருக்கு."

"கொஞ்சம் போடுறீங்களா? எதையாவது. குரல் கேட்டாப் போதும்."

அவள் நாற்காலியைக் கொடுத்து ஹெட்போனை மாட்டிவிட்டாள். சிக்கலில்லாத பதிவுகளாகப் பார்த்துப் போட்டாள். துருப்பிடித்த சக்கரத்தைப் பெரியவர் திட்டுவது. கட்டட மேலாளரைப் போலவே பேசிக் காட்டுவது. தம்பிக்குச் சைக்கிள் கற்றுக்கொடுத்தபோது இருவரும் சாக்கடையில் விழுந்த கதை. சின்னவர் அசையாமல் கேட்டார். சாக்கடைக் கதைக்கு மட்டும், "பொய். அவன்தான் விழுந்தான், நான் குதிச்சுட்டேன்" என்று முணுமுணுத்தார்.

அதற்குப் பிறகு மத்தியான வேளைகளில் வர ஆரம்பித்தார். வேலைக்கு அவர் போகவில்லை. வேறொருவரை மேலே நிறுத்திவிட்டுப் பெட்டியில் ஏறமாட்டார் என்பது தெரிந்ததுதானே. அவள் காபி போடுவாள். அவர் சர்க்கரை அதிகம் என்பார். அடுத்த நாள் குறைத்தால் கசக்கிறது என்பார். பல வருஷமாக அந்த அறையில் இரண்டாவது கோப்பை கழுவப்பட்டதில்லை. கதவு தட்டும் சத்தத்துக்கு அவள் காது காத்துக்கிடக்கத் தொடங்கியது. அது அவளுக்கே வெட்கமாக இருந்தது.

மோட்டார் அறைப் பதிவை மட்டும் தொடாமல் வைத்திருந்தாள். சாகும் வரை சொல்லாதே என்றவர் உயிரோடு இருக்கிறார். ஆனால் அவர் எதற்காகச் சொன்னாரோ அந்தக் காரணம் போய்விட்டது. இனித் தம்பியின் கை நடுங்கினால் என்ன, நடுங்காவிட்டால் என்ன? இன்னொரு பயமும் அவளுக்குள் இருந்தது. அதைப் போட்டுக் காட்டினால் இந்த மத்தியானங்கள் என்ன ஆகும்? அந்தப் பயம் இருக்கிறது என்று தெரிந்த அன்றே கிளம்பிப் பெரியவர் வீட்டுக்குப் போனாள்.

ஜன்னலோரம் சாய்வு நாற்காலியில் பெரியவரை உட்கார வைத்திருந்தார்கள். அவள் குனிந்து, நிதானமாகக் கேட்டாள். "மோட்டார் ரூம்ல கதவைச் சாத்திட்டு ஒண்ணு சொன்னீங்களே. அதை உங்க தம்பிக்குப் போட்டுக் காட்டட்டுமா? வேணாம்னா விட்டுடறேன்."

பெரியவர் கண்ணை மூடிக்கொண்டார். தூங்கிவிட்டாரோ என்று நினைக்கும் அளவுக்கு நேரம் போனது. பிறகு இடது கையைத் தூக்கி, போ போ என்று வாசல் பக்கம் வீசினார். அவளுக்குக் குழப்பமாக இருந்தது. "போட்டுக் காட்டணுமா?" என்று மறுபடி கேட்டாள். அவர் சிரமப்பட்டு, ஆமாம் என்று தலையை மேலும் கீழும் ஆட்டினார்.

"என்ன சொன்னார் மோட்டார் ரூம்ல?" என்றார் அக்கா. "எனக்குத் தெரியாம அப்படி என்ன?"

"முதல்ல சின்னவர் கேட்கட்டும் அக்கா."

அக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

மறுநாள் சின்னவர் வந்ததும், "இன்னைக்கு வேற ஒண்ணு போடறேன். அவர்கிட்ட கேட்டுட்டுத்தான் போடறேன்" என்றாள். மேஜை மேல் கேமரா இருந்தது. பழக்கதோஷத்தில் அவள் விரல் பொத்தானுக்குப் போனது. இழுத்துக்கொண்டு, கேமராவைத் தூக்கி அலமாரிக்குள் வைத்தாள்.

அவர் கேட்டார். முடிந்ததும் இன்னொரு தடவை போடச் சொன்னார். பிறகு ஹெட்போனைக் கழற்றி, ஒயரை ஒழுங்காகச் சுற்றி மேஜையில் வைத்தார். தன் வலது உள்ளங்கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அழுவார் என்று அவள் எதிர்பார்த்தாள். அவர் அழவில்லை.

"இது எப்ப எடுத்தது?"

"போன மழைக்கு முன்னாடி."

"போன மழைக்கு முன்னாடி," என்று அவர் திருப்பிச் சொன்னார். "அப்ப நல்லா பேசிட்டுத்தானே இருந்தான்?"

"ஆமா."

"ஒரு வருஷமா இது உங்ககிட்ட இருந்திருக்கு. எங்க வேன்ல முன்சீட்ல உக்காந்துட்டு வந்தீங்க. என் அண்ணி கையால சாப்பிட்டீங்க."

"அவர் சொல்லக் கூடாதுன்னு சொன்னார். நான் வாக்கு குடுத்துட்டேன்."

"அவன் அப்படித்தான் சொல்லுவான். பிடிவாதக்காரன். எங்க ரெண்டு பேருக்கும்தான் புத்தி இல்ல, ஊருக்கே தெரியும். நீங்க மனுஷிதானே? ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை எங்கிட்ட சொல்லியிருந்தா, நான் போய் அவன் சட்டையைப் பிடிச்சு ரெண்டு திட்டு திட்டியிருப்பேன். அவனும் திருப்பித் திட்டியிருப்பான். அதைக் கேட்டிருப்பேன்ல நான்?"

படத்துக்காகத்தான் வைத்திருந்தீர்களா என்று அவர் கேட்டிருந்தால் இல்லை என்று அடித்துச் சொல்லியிருப்பாளா என்பது சந்தேகம். அவர் அதைக் கேட்கவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு இறங்கிப் போனார். அத்தனை மாடியும் காலடிச் சத்தம் கேட்டது. கோப்பையில் காபி ஆறிப் போயிருந்தது.

அதன் பிறகு அவர் வரவில்லை. போன் செய்தாலும் எடுக்கவில்லை. அக்காதான் எப்போதாவது சேதி சொல்வார். சின்னவர் துணிமணியைத் தூக்கிக்கொண்டு அண்ணன் வீட்டுக்கே வந்துவிட்டாராம். குளிப்பாட்டுவது, சவரம் செய்வது எல்லாம் அவர்தான். கால் முறிந்த அந்தப் பெண்ணைத் தேடிப் போனாராம். வீடு மாறிப் போய்விட்டார்களாம், எங்கே என்று யாருக்கும் தெரியவில்லையாம்.

"காலையில ஆரம்பிச்சா சாயங்காலம் வரைக்கும் ஓயாத பேச்சு," என்றார் அக்கா. "இத்தனை வருஷம் அடைச்சு வச்சதெல்லாம் கொட்டுறார். இவரால எழுந்து ஓடவும் முடியல, காதைப் பொத்திக்கவும் முடியல. பாவமா இருக்கு, சிரிப்பாவும் இருக்கு."

"நான் ஒருநாள் வரட்டுமா?"

அக்கா தயங்கினார். "கொஞ்ச நாள் போகட்டும்மா."

கொஞ்ச நாள் என்பது நீண்டுகொண்டே போனது. அவள் வேறு படத்துக்கு யோசித்துப் பார்த்தாள், எதுவும் ஒட்டவில்லை. பெரியவர் திரையில், "சாப்பிட்டீங்களாம்மா?" என்று கேட்கும் இடங்களை வேகமாகத் தாண்டிவிடப் பழகினாள். கோப்பைகளில் ஒன்றை அலமாரிக்கு மேலே எடுத்து வைத்தாள்.

வெயில் ஏறத் தொடங்கிய ஒரு காலையில் அக்கா கூப்பிட்டார். குரல் கீச்சென்று இருந்தது. "பேசிட்டார்மா! பேசிட்டார்! தம்பி சவரம் பண்ணிட்டு இருந்தார். எதையோ சொல்லிட்டே கத்தியைக் கொஞ்சம் இழுத்துட்டார் போல, கன்னத்துல கீறிடுச்சு. இவர் அவரைப் பாத்து, தெளிவா, 'கழுதை'ன்னார். தம்பி சோப்பு நுரையோட அப்படியே உக்காந்துட்டார். 'இன்னொரு தடவை சொல்லு, இன்னொரு தடவை சொல்லு'ன்னு கெஞ்சுறார். இவர் சொன்னார்மா, மறுபடியும் சொன்னார்!"

அவள் ஒரு கையில் போனோடு வாய்விட்டுச் சிரித்தாள். மறு கை தானாகவே அலமாரியைத் திறந்து கேமரா பையை இழுத்தது. "அக்கா, இதோ கிளம்பிட்டேன். இன்னும் கொஞ்ச நேரத்துல அங்க—"

மறுமுனையில் அக்கா குரலைத் தாழ்த்திச் சொன்னார்: "இன்னைக்கு வேணாம்மா. உனக்குச் சொல்லலாமான்னு கேட்டேன். சொல்லுங்க, ஆனா கேமரா வீட்டுக்குள்ள வரக் கூடாதுன்னுட்டார்."

"பெரியவரா?"

"இல்ல. சின்னவர்."

"சரி அக்கா. ரொம்ப சந்தோஷம். அவர்கிட்ட சொல்லுங்க."

போனை வைத்தபின் அவள் பையை மடியில் வைத்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். இத்தனை காலம் எதற்காகக் காத்திருந்தாளோ அது பெரியவர் வீட்டில், அவள் இல்லாமல் நடந்து முடிந்துவிட்டது. தன் கூடப்பிறந்த அக்காவைத் தொலைபேசியில் கூப்பிட்டுச் சொல்லலாமா என்று நினைத்தாள். தூர தேசத்தில் அப்போது எல்லோரும் தூங்கிக்கொண்டிருப்பார்கள். காவலாளியிடம் போய்ச் சொன்னாள். அவர், "அப்படியா, நல்லதும்மா" என்று சொல்லிவிட்டுத் தண்ணீர் லாரிக்குக் கதவைத் திறக்கப் போனார்.

படத்தை அவள் முடித்தாள். முடிக்கப் பல மாதம் பிடித்தது. முடித்த பிரதியைக் கையில் எடுத்துக்கொண்டு, கேமரா இல்லாமல், பெரியவர் வீட்டுக்குப் போனாள். அவர்கள் பார்க்காமல், சம்மதிக்காமல் அதை வெளியே காட்டுவதாக இல்லை.

சின்னவர்தான் கதவைத் திறந்தார். முதலில் அவள் தோளைப் பார்த்தார், பிறகு கைகளை. வாங்க என்று சொல்லவில்லை. கதவைத் திறந்தபடி விட்டுவிட்டு உள்ளே போனார். அவள் போய் உட்கார்ந்தாள். அந்தக் கூடத்தை எத்தனையோ கோணத்தில் எடுத்திருக்கிறாள். ஆனால் எந்த நாற்காலியில் உட்காருவது, கையை எங்கே வைப்பது என்று இப்போது தெரியவில்லை.

நால்வரும் பார்த்தார்கள். திரையில் பெரியவர் சக்கரத்தைத் திட்டினார். நாற்காலியில் இருந்த பெரியவர் முன்னால் சாய்ந்து, திரையில் தான் பேசப் பேச, உதட்டைக் கூடவே அசைத்துப் பார்த்தார். சில வார்த்தைகள் பிடிபட்டன, பல நழுவிப் போயின. ஒரு கட்டத்தில் திரையைக் காட்டி, "நல்லா... பேசறான்," என்றார். எல்லோரும் சிரித்துவிட்டார்கள். சின்னவரும்தான். மோட்டார் அறைப் பகுதி வந்ததும் சின்னவர் எழுந்து சமையலறைக்குப் போய்விட்டார். அது முடியும்வரை குழாயில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. அக்கா அப்போதுதான் அதைப் பெரியவரின் குரலில் முதன்முதலாகக் கேட்டார். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கணவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

படம் முடிந்தது. "ஏதாவது வெட்டணும்னா சொல்லுங்க," என்றாள். "அந்தப் பகுதி வேணாம்னா எடுத்துடறேன்."

சின்னவர் சமையலறை வாசலில் நின்றுகொண்டு, அக்காவைப் பார்த்துச் சொன்னார்: "இருக்கட்டும் அண்ணி. நட்டை முறுக்காதது நான்தானே. நாலு பேருக்குத் தெரியட்டும்." பிறகு அவள் பக்கம் திரும்பினார். "அண்ணன் பேசினது அத்தனையும் எனக்கு வேணும். படத்துல இல்லாததும். ஒண்ணு விடாம."

"குடுக்கறேன்."

"இனிமே வீட்டுல எடுக்க வேணாம்."

"எடுக்க மாட்டேன்."

அவ்வளவுதான் அவர் அவளோடு பேசியது. அக்கா சாப்பிட்டுவிட்டுப் போகச் சொன்னார். சாப்பிட்டாள். பெரியவர் இடது கையால் தன் தட்டிலிருந்ததை அவள் பக்கம் தள்ளினார். தெருவில் இறங்கியபின் அவள் ஒருமுறை திரும்பிப் பார்த்தாள். ஜன்னலில் சின்னவரின் முதுகு தெரிந்தது. ஏதோ கையை ஆட்டிப் பேசிக்கொண்டிருந்தார்.

பதிவுகள் முழுவதையும் ஒரு ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி மறுவாரமே கொடுத்தனுப்பினாள்.

படம் ஒரு சின்ன அரங்கில் திரையிடப்பட்டது. பாதி இருக்கைகள் காலி. குடும்பத்திலிருந்து யாரும் வரவில்லை. பெரியவரை அவ்வளவு தூரம் அழைத்து வர முடியாது என்று அக்கா சொல்லியிருந்தார். முடிந்ததும் வந்திருந்தவர்கள் கைதட்டினார்கள். விளக்கு போட்டார்கள். அவள் மேடைக்குப் போய் மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நடுவரிசையில் ஒரு பெண் எழுந்தாள்.

"அந்த அண்ணன் தம்பி பிறகு பேசிக்கிட்டாங்களா?"

"பேசிக்கறாங்க," என்றாள். "இப்ப ரெண்டு பேரும் ஒரே வீட்டுலதான் இருக்காங்க. பெரியவருக்கும் கொஞ்சம் கொஞ்சமா பேச்சு வருது."

அரங்கில் ஒரு நிம்மதி பரவியது. அந்தப் பெண் உட்காராமல் மறுபடி கேட்டாள். "அது படத்துல இல்லையே. அவங்க முதல்ல பேசிக்கிட்டது எப்படி இருந்துச்சு?"

கழுதை என்ற சொல் அவள் நாக்கு நுனி வரைக்கும் வந்தது. சொன்னால் அரங்கமே சிரிக்கும், அவளோடு சேர்ந்து சிரிக்கும். சோப்பு நுரை, கன்னத்துக் கீறல், இன்னொரு தடவை சொல்லு என்ற கெஞ்சல் எல்லாம் கண்ணால் பார்த்தது போலவே அவளுக்குள் இருந்தன. அதை வெளியே சொல்லலாமா என்று அந்த வீட்டில் அவள் யாரையும் கேட்டிருக்கவில்லை.

"எனக்குத் தெரியாதும்மா," என்றாள். "நான் அப்ப அங்க இல்ல."

வேறு கேள்விகள் வந்தன. எந்த கேமரா, எத்தனை நாள், அடுத்து என்ன என்று. எல்லாவற்றுக்கும் பதில் சொன்னாள். கூட்டம் கலைந்ததும், அரங்க ஊழியர் நாற்காலிகளை மடக்கத் தொடங்கினார். கொஞ்ச நேரம் அவளும் கூடச் சேர்ந்து மடக்கிக் கொடுத்தாள். "உங்களுக்கு எதுக்கும்மா இந்த வேலை, நீங்க கிளம்புங்க" என்றார் அவர். "பரவாயில்ல, எனக்கு அவசரமில்ல" என்று சொல்லிவிட்டு அவள் அடுத்த வரிசைக்குப் போனாள்.